ஊறப்போட்ட படம்

தன் நாத்தனார் சினிமா எடுக்கிறவள் என்று சலவைக்கடைக்கு வருகிறவர்களிடம் ஆரம்பத்தில் பெருமையாகச் சொல்லப்போய் அவள் பட்ட பாடு கொஞ்சநஞ்சமில்லை. "அப்படியா! எந்தப் படம்? யாரு ஹீரோ?" என்று வாயெல்லாம் பல்லாகக் கேட்பார்கள். ஹீரோ கிடையாது, கொடியில் தொங்குகிற படுக்கை விரிப்பிலிருந்து தண்ணீர் சொட்டும், அரைமணி நேரம் சொட்டும், காய்ந்ததும் படம் முடிந்துவிடும் என்று விளக்கினால், வெளுக்கக் கொண்டுவந்த சட்டைகளை ஒருமுறைக்கு இருமுறை எண்ணிக் கொடுத்துவிட்டுப் போவார்கள். பிற்பாடு யாராவது கேட்டால், "போட்டோ ஸ்டுடியோவில வேலை" என்று முடித்துக்கொள்ளப் பழகிவிட்டாள்.

முன்னால் கடை, பின்னால் வீடு, நடுவில் சலவைக்கூடம். கூடத்தில் பாய்லர், உருளும் இயந்திரங்கள், சுவரோரமாக வரிசையாய் சிமெண்டுத் தொட்டிகள். ஓட்டல்களின் படுக்கை விரிப்புகள் அழுக்கு மூட்டைகளாகப் பின்வாசலில் வேனிலிருந்து இறங்கும். வெளுப்பாகி, மடிப்பாகி அதே வாசலில் ஏறும். சுவர்கள் எந்நேரமும் வியர்த்திருக்கும். உப்பு ஜாடியில் உப்பு கரைந்து கிடக்கும். தீப்பெட்டி இரண்டு நாளில் நமுத்துவிடும். வெளிநாட்டு விழா ஒன்றில் நாத்தனாருக்குக் கொடுத்த சான்றிதழைச் சட்டம் போட்டு மாட்டியிருந்தார்கள். அதுவும் கண்ணாடிக்குள்ளேயே அலையலையாய்ச் சுருண்டு போயிருந்தது. "அது கெட்டுப்போறதே ஒரு படமாட்டம் இருக்கு அண்ணி" என்று நாத்தனார் அதையும் ஒருநாள் படம் பிடித்தாள்.

அன்று காலை இருவரும் விரிப்பு மடித்துக்கொண்டிருந்தார்கள். ஆளுக்கு இரண்டு மூலையைப் பிடித்து, இழுத்து உதறி, நடந்து ஒருவர் மேல் ஒருவர் முட்டுகிற தூரத்துக்கு வந்து மூலைகளை ஒப்படைத்து, மறுபடி பின்னால் போக வேண்டும். இந்த வேலை செய்யும்போது பேசினால் பேச்சும் கிட்டே வந்து கிட்டே வந்து விலகும்.

"எல்லாத்தையும் ஒண்ணாப் போடறாங்களாம் அண்ணி" என்றாள் நாத்தனார்.

"எதை? மூலையப் பிடி, தொங்குது பாரு."

"என் படங்களை. முதல் படத்திலேருந்து கடைசி வரைக்கும். பெரிய ஊருல, பெரிய தியேட்டர்ல. மூணு நாளு."

"மூணு நாளா?" அவள் கிட்டே வந்து மூலையைக் கொடுத்தாள். "பாக்க வர்றவங்க பாவம் என்ன பண்ணாங்க?"

நாத்தனார் சிரித்தாள். இருபது வருஷத்துக்கு மேலாக இந்தக் கேலிகளிலேயே வளர்ந்தவள். முதல் படத்தைப் போட்டுக் காட்டியபோது கூடத்தில் இருந்தவர்கள் ஒவ்வொருவராக நழுவிவிட, கடைசிவரை உட்கார்ந்திருந்தது அண்ணியும் அவள் புருஷனும்தான். விளக்கு போட்டதும் அந்த மனிதர் தனி ஆளாகக் கைதட்டினார். தட்டிவிட்டு, "கொஞ்சம் நீலம் போட்டிருந்தா இன்னும் வெளுப்பா இருந்திருக்கும்மா" என்றார். தங்கச்சியின் புரொஜக்டரை மூட்டை தூக்குகிற மாதிரி தோளில் தூக்கிக்கொண்டு ஊர் ஊராகப் போனவர் அவர்தான். விளம்பரக் கம்பெனியில் கிடைத்த நல்ல வேலையை நாத்தனார் விட்டுவிட்டு வந்தபோதும், கட்டிக்க வந்தவன் 'இந்த வேலை எப்ப முடியும்?' என்று கேட்டதற்காக அவனையே விட்டபோதும், அவர் ஒரு வார்த்தை கேட்கவில்லை. பின்னால் இருந்த சாமான் அறையை ஒழித்துக் கொடுத்தார். அதில்தான் நாத்தனார் ஃபிலிமைப் பக்கெட்டில் போட்டுக் கழுவுவாள். கழுவிய ஃபிலிமைக் கொடியில் துணிக்கிளிப் போட்டுத் தொங்கவிடுவாள். ஓட்டல் விரிப்புகளுக்கு நடுவே கறுப்புப் பாம்புகளாய் அவை ஆடும். சிலதை வேண்டுமென்றே சோப்புத் தண்ணீரில் வாரக்கணக்கில் ஊறவைப்பாள், சிலதை மண்ணில் புதைப்பாள். உருவம் அழிந்து பூப்பூவாய் ஏதோ மிஞ்சும். அதைத்தான் விழாக்காரர்கள் ஆகா ஓகோ என்பார்கள்.

"இன்னொண்ணு அண்ணி." நாத்தனார் மூலைகளை வாங்கிக்கொண்டும் விலகிப் போகாமல் நின்றாள். "அண்ணன் ரீலையும் கேக்கறாங்க."

அவள் கையிலிருந்த துணி தளர்ந்து தரையைத் தொட்டது. இனி அதை மறுபடி வெளுக்கப் போட வேண்டும்.

"அவங்க கேக்கறாங்களா, நீ கேக்கறியா?"

"நான்தான் கேக்கறேன். அது இல்லாம மத்ததெல்லாம் வெறும் தண்ணி அண்ணி."

"அதை மட்டும் கேக்காத" என்றாள் அவள்.

அந்த ரீல் ரொம்பச் சின்னது. புருஷன் பின்வாசலில் வேனிலிருந்து மூட்டையை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு நடந்து வருகிறார். மூட்டைக்காகவே பிறந்தவர் போல இடது தோள் ஒரு பக்கம் இறங்கியிருக்கும். கதவண்டை வந்ததும் திரும்பிப் பார்க்கிறார். காலை வெயில் நேரே முகத்தில் அடிக்கிறது. கண்ணைச் சுருக்குகிறார். பிறகு சிரிக்கிறார். அவ்வளவுதான். சத்தம் கிடையாது. "என்னை மட்டும் ஊறப்போட்டுறாதம்மா" என்று அன்றைக்கு அவர் கேட்டுக்கொண்டதால் நாத்தனார் அதில் எந்த வித்தையும் காட்டவில்லை.

மறு வருஷமே அவர் போய்விட்டார். வீட்டில் இருந்த போட்டோக்களில் எல்லாம் யாரோ அதட்டி நிறுத்தியது போல விறைத்துக்கொண்டு நின்றார். அசைகிறவராக மிஞ்சியது அந்த ரீலில் மட்டும்தான். ஒரே ஒரு முறை விரிப்பு ஒன்றைக் கட்டிப் போட்டுப் பார்த்தார்கள். திரும்புகிற இடத்தில் முகத்தின் குறுக்கே மயிரிழை போல ஒரு கோடு புதிதாய் விழுந்திருந்தது. "இது என்ன?" என்று அவள் கேட்டாள். "ஓட ஓடத் தேயும் அண்ணி" என்றாள் நாத்தனார். நெகட்டிவ் கிடையாது, கேமராவில் ஓடிய சுருளே படம், உலகத்தில் அது ஒன்றே ஒன்று. காப்பி எடுத்துவைக்கலாமே என்றதற்கு, "அது இவரு இல்ல அண்ணி, இவரோட காப்பி" என்று பதில் வந்தது. இருபது வருஷமாக எந்தப் படத்துக்கும் நாத்தனார் காப்பி எடுத்ததில்லை. அது ஒரு பிடிவாதம். "நிறுத்து" என்று இவள் போட்ட கூச்சலில் புரொஜக்டர் நின்றது. அன்று டப்பாவைக் கம்பளிகளுக்கு அடியில் வைத்துப் பூட்டியவள் திறக்கவே இல்லை.

நாத்தனார் அதற்குப் பிறகு ரீலைப் பற்றிப் பேசவில்லை. அதுதான் கஷ்டமாக இருந்தது. டீ குடித்தாள், பருப்புச் சாதத்தைக் கிண்டிக் கிண்டிச் சாப்பிட்டாள், மற்ற டப்பாக்களைத் துடைத்து அடுக்கினாள். கேட்டுச் சண்டை போட்டிருந்தால் மறுத்திருக்கலாம். பேசாமல் இருக்கிறவளிடம் எப்படி மறுப்பது?

இஸ்திரிக்காரரிடம் கேட்டாள். வெகு காலமாகக் கடையில் இருப்பவர். தடிமனான கண்ணாடி, அதைவிடத் தடிமனான வாய்.

"குடுத்தா என்ன அக்கா? ஜனங்க பாக்கட்டும். நம்ம முதலாளி மூஞ்சி என்ன பாக்காத மூஞ்சியா?"

"தேஞ்சு போயிருமே."

"பூட்டி வச்சா மட்டும்? நீங்க பாக்கறீங்களா?"

"பாக்கல."

"பின்ன?"

பின்ன என்ன என்று அவளுக்கும் தெரியவில்லை. பார்க்காமல் இருப்பதற்காகவே ஒன்றைப் பத்திரமாக வைத்திருப்பது பைத்தியக்காரத்தனம்தான். ஆனால் அது அங்கே இருக்கிறது என்ற நினைப்பில்தான் காலையில் எழுந்து பாய்லரைப் பற்றவைக்க முடிகிறது. இதை வாய்விட்டுச் சொன்னால் கேட்க நன்றாக இருக்காது.

இரண்டு நாள் கழித்து, நாத்தனார் வெளியே போயிருந்த மத்தியானம் அவள் கம்பளிகளை விலக்கி டப்பாவை எடுத்தாள். கொடுத்துவிடலாம் என்று முடிவு பண்ணித்தான் எடுத்தாளா, சும்மா பார்க்கத்தான் எடுத்தாளா என்பதை அப்புறம் எவ்வளவு யோசித்தும் அவளால் கண்டுபிடிக்க முடியவில்லை.

மூடியைத் திறந்ததும் புளித்த வாடை அடித்தது. சுருளின் மேல் வெள்ளையாய்ப் பூஞ்சை நூல் நூலாய்ப் படர்ந்திருந்தது. ஈரத்தோடு மூட்டை கட்டிப்போட்ட சட்டைக் காலரில் பிடிக்குமே, அதே பூஞ்சை. தன் பொறுப்பில் இருந்த பொருள் இப்படியா? நாத்தனார் பார்த்தால் என்ன நினைப்பாள்?

பூஞ்சைக்கு என்ன செய்ய வேண்டும் என்பது அவளுக்கு மனப்பாடம். பேசினைக் கழுவினாள். வெந்நீர் பிடித்தாள். சோடா ஒரு கரண்டி, சீவின சோப்பு கொஞ்சம். ஃபிலிமைத் தண்ணீரில் போடலாமா என்ற சந்தேகமே வரவில்லை. பக்கெட் பக்கெட்டாய் நாத்தனார் அதைக் கழுவுவதைத்தானே இத்தனை வருஷமாகப் பார்க்கிறாள்? சுருளைப் பிரித்து, பட்டுத்துணியைப் போலப் பக்குவமாய் அமுக்கினாள். அதற்குள் பின்வாசலில் வேன் ஹார்ன் அடித்தது. மூட்டைகளை இறக்கி, எண்ணி, டிரைவரோடு கிழிந்த தலையணை உறை ஒன்றுக்காக வாதாடிவிட்டு வர நேரமாகிவிட்டது.

பேசினில் தண்ணீர் டிக்காஷன் நிறத்தில் இருந்தது.

அழுக்கு இறங்கியிருக்கிறது என்றுதான் முதலில் நினைத்தாள். ஒரு நொடி சந்தோஷப்பட்டாள்கூட. பிறகு ஃபிலிமைத் தூக்கினாள். விரலில் வழவழவென்று ஏதோ ஒட்டிக்கொண்டு வந்தது. பாலாடை மாதிரி. வெளிச்சத்தில் பிடித்தாள். சின்னச் சின்னக் கட்டங்களில் ஏதோ கரைந்து வழிந்து, சில இடங்களில் ஒன்றுமே இல்லாமல் வெறும் கண்ணாடியாய் இருந்தது.

நாத்தனார் வந்தபோது அவள் பேசின் பக்கத்தில் தரையில் உட்கார்ந்திருந்தாள்.

"என்ன அண்ணி ஆச்சு? மயக்கமா?"

"உங்கண்ணனை ஊறப்போட்டுட்டேன்" என்றாள் அவள்.

நாத்தனார் பேசினைப் பார்த்தாள். தண்ணீரைத் தொட்டாள். "இன்னும் சூடு ஆறலையே, நான் பச்சைத்தண்ணியிலதானே கழுவுவேன்" என்று கையை உதறினாள். அவள் வாய் கோணிக்கொண்டு அழத் தயாரானது. ஃபிலிமை எடுத்து ஜன்னலுக்கு நேரே பிடித்தாள். ஒரு முழம், இன்னொரு முழம் என்று நகர்த்தினாள். அழுகை வரவில்லை. கண்கள் சுருங்கி, தலை ஒரு பக்கம் சாய்ந்தது. சொட்டுகிற விரிப்பையும் சுருண்டுபோன சான்றிதழையும் பார்க்கிறபோது வருகிற பார்வை. அந்தப் பார்வை அண்ணிக்கு நன்றாகத் தெரியும்.

"திட்டிடு" என்றாள் அவள். "வாயில வந்தபடி திட்டிடு."

"அழகா இருக்கு அண்ணி."

"என்னது?"

"இதைப் பாருங்களேன். நான் எத்தனை வருஷமா முயற்சி பண்றேன், இந்த மாதிரி ஒரு தடவைகூட..."

"உங்கண்ணன் மூஞ்சி போச்சுடி!" அவள் எழுந்துவிட்டாள். "மூஞ்சி போச்சு! அழகா இருக்காம் அழகா! நீ பொம்பளையா, பிசாசா?"

அப்போதுதான் நாத்தனார் அழுதாள். ஃபிலிமைக் கையில் வைத்துக்கொண்டு, நனையாமல் இருக்க முகத்தைத் தள்ளி வைத்துக்கொண்டு அழுதாள். அழுதபடியே அதைக் குளிர்ந்த தண்ணீரில் அலசினாள். அலசியபடியே, "தொடாதீங்க, தொடாதீங்க, இன்னும் இளகித்தான் இருக்கு" என்றாள். இருவருமாய் அதைக் கொடிக்குக் கொண்டுபோனார்கள். ஒரு முனையை அவள் பிடித்தாள், ஒரு முனையை நாத்தனார் பிடித்தாள், துணிக்கிளிப் போட்டார்கள். திட்டுவதா, மன்னிப்புக் கேட்பதா, மன்னிப்பதா என்று தெரியாமல் அவள் மூக்கைச் சிந்திவிட்டு ராத்திரிச் சாப்பாட்டுக்கு முட்டை வேகப்போட்டாள்.

அன்றிலிருந்து அவள் மனசு நிலையில் நிற்கவில்லை. துணியைப் போடுமுன் முழங்கையைத் தண்ணீரில் வைத்துச் சூடு பார்ப்பது அவளுக்கு மூச்சு விடுகிற மாதிரி. அன்றைக்கு மட்டும் ஏன் பார்க்கவில்லை? பதற்றமா? அல்லது, மனசின் ஏதோ ஒரு மூலையில், யாருக்கும் கிடைக்காமல் போகட்டும் என்று இருந்ததா? அப்படி இருந்திருந்தால் அது தனக்குத் தெரியாமலா இருக்கும்? நேராக இந்தக் கேள்வியைப் பார்க்கப் போனால் அது நழுவிவிடும். வேறு வேலை பார்க்கும்போது பக்கத்தில் வந்து நின்றுகொள்ளும்.

ஞாயிற்றுக்கிழமை கடைக்கு விடுமுறை. ஷட்டரை இறக்கிவிட்டு, சலவைக்கூடத்து ஜன்னல்களில் கம்பளியைத் தொங்கவிட்டு நாத்தனார் இருட்டாக்கினாள். இஸ்திரிக்காரரும் வந்திருந்தார். அவர்தான் விரிப்பைக் கட்டினார். கட்டுமுன் அதை ஒருமுறை இஸ்திரி போட்டார். சுருக்கம் இருந்தால் முதலாளிக்குப் பிடிக்காது என்றார்.

"ஒருவேளை மாட்டிக்கிட்டு அறுந்துரும். ஓட்டட்டுமா அண்ணி?"

"ஓட்டு. இனிமே என்ன இருக்கு?"

புரொஜக்டர் கடகடவென்றது. விரிப்பு முழுக்க நரம்புகள் போல ஏதோ ஓடியது. பிறகு நடுவில் ஓர் இருட்டு அசைந்தது. அது வேனா, சுவரா, தெரியவில்லை. திடீரென்று ஒரு தோள் மட்டும் வந்தது. ஒரு பக்கம் இறங்கிய தோள். தோள் போய்விட்டது, கால் வந்தது, மூட்டை தனியாக மிதந்தது. இதோ கதவு, இதோ திரும்பப் போகிறார். திரும்பினார். முகம் இருக்க வேண்டிய இடத்தில் வெள்ளை கொதித்துப் பொங்கி வழிந்தது. விரிப்பு வெறும் வெளிச்சமாகி நின்றது.

காலிச் சக்கரம் சுற்றிக்கொண்டிருந்தது.

"பரவால்ல அண்ணி" என்றாள் நாத்தனார் மெதுவாக. "அந்த இடம் எனக்குள்ள அப்படியே இருக்கு. திரும்பி என்னைப் பாத்துச் சிரிச்சாரே, அது போதும்."

அவள் இருட்டில் நாத்தனார் பக்கம் திரும்பினாள். "உன்னைப் பாத்தா?"

"பின்ன? நான்தானே கேமரா பிடிச்சேன்? 'போதுமா'ங்கற மாதிரி ஒரு சிரிப்பு."

"நான் உனக்குப் பின்னாலதான் நின்னேன். கையில டீ வச்சிருந்தேன். அவரு என்னைத்தான் பாத்தாரு. டீயப் பாத்தா அப்படித்தான் சிரிப்பாரு. கல்யாணம் ஆன நாளா எனக்குத் தெரியாதா?"

"அண்ணி, கண்ணு லென்ஸுக்கு நேரா இருந்துச்சு."

"லென்ஸுக்கு மேல. தலைக்கு மேல. என்னை."

இஸ்திரிக்காரர் தொண்டையைச் செருமினார். "தப்பா நெனக்காதீங்க" என்றார். "நானும்தான் அங்க நின்னேன். அன்னிக்கு என் மூட்டை சாக்கடையில விழுந்துச்சு. அதைப் பாத்துட்டுச் சிரிக்கிறாருன்னுல்ல நான் இத்தனை நாளா வெக்கப்பட்டுக்கிட்டு இருக்கேன்?"

மூவரும் வெள்ளை விரிப்பையே பார்த்தார்கள். பார்த்துத் தீர்த்துக்கொள்ள இப்போது அந்த முகம் இல்லை. அவளுக்கு முதலில் சிரிப்பு வந்தது, பிறகு பயம் வந்தது. இதற்காகத்தான் சூடு பார்க்காமல் விட்டோமா? அந்தச் சிரிப்பு தனக்குத்தான் என்று இவள் ஒருநாள் சொல்லிவிடுவாள், ரீலைப் போட்டு நிரூபித்தும் விடுவாள் என்றா? அப்படியெல்லாம் இல்லை என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். சொன்னதை நம்பலாமா என்றுதான் தெரியவில்லை.

"இன்னொரு தடவை ஓட்டு" என்றாள்.

"அண்ணி, தேயும்."

"தேயட்டும். ஓட்டு."

திங்கட்கிழமை காலை நாத்தனார் டப்பாக்களைக் கயிறு போட்டுக் கட்டினாள். அண்ணன் ரீலை மட்டும் தனியாக வைத்திருந்தாள்.

"நீங்க சொன்னாத்தான் எடுத்துட்டுப் போவேன். சொன்னா, இதை எடுத்தது நாம ரெண்டு பேரும்னு சொல்லப்போறேன்."

"அய்யோ, அந்த வேலையே வேண்டாம். சலவைக்காரி படத்தைக் கெடுத்தான்னு பேரு வாங்கவா?"

"அப்ப எடுத்துட்டுப் போகவா, வேண்டாமா?"

அவள் கூடத்துக்குப் போனாள். பேசின் அன்றைக்கு வைத்த இடத்திலேயே இருந்தது. யாரையும் தொட விடவில்லை. தண்ணீர் தெளிந்து, அடியில் கரிப்பொடி மாதிரி படிந்திருந்தது. ஓட்டல் விரிப்புகளுக்குப் பேசின் வேண்டும். சாக்கடையில் கொட்ட மனசு வரவில்லை. வைத்திருந்து என்ன செய்வது என்றும் புரியவில்லை. துவைத்த வெள்ளைத் துண்டு ஒன்றை எடுத்துக்கொண்டு, பேசினைத் தூக்கிக்கொண்டு பின்வாசலுக்கு வந்தாள். துண்டைப் பக்கெட் வாயில் விரித்துக் கட்டி, மெல்ல மெல்ல வடிகட்டினாள். தண்ணீர் இறங்கிவிட்டது. துண்டின் நடுவில் சாம்பல் நிறத்தில் ஒரு கறை தங்கியது. கறை எடுப்பதே பிழைப்பாய் இருக்கிறவள் அதைக் கசங்காமல் அவிழ்த்து இரண்டு கைகளிலும் ஏந்திக்கொண்டாள்.

நாத்தனார் வாசல்படியில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். தலை ஒரு பக்கம் சாய்ந்திருந்தது. சட்டென்று தன் பார்வையைத் தானே உணர்ந்தவள் போல முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

"கேமராவ எடுத்துட்டு வா" என்றாள் அவள்.

"வேண்டாம் அண்ணி."

"வான்னா வாயேன். கொடியில போடணும், கை வலிக்குது."

எதற்காகச் சொன்னாள் என்று அவளுக்கே தெரியவில்லை. கேமரா வந்தது. "எங்க நிக்கணும்?" என்றாள். "எங்க வேணா" என்றாள் நாத்தனார். இஸ்திரிக்காரர், ஒரு பெட்டி கரி கனிய வைத்தவர், அதை அப்படியே விட்டுவிட்டு ஓடி வந்து நாத்தனாருக்குப் பின்னால் நின்றுகொண்டார். வேன் டிரைவர்கூட இறங்கி வந்தான்.

அவள் வேன் நிற்கிற இடத்திலிருந்து துண்டை ஏந்திக்கொண்டு நடந்தாள். எந்தக் காலை முதலில் வைப்பது என்பதே மறந்துபோன மாதிரி இருந்தது. கதவண்டை கொடி. துண்டை விரித்துப் போட்டாள், கிளிப்பை மாட்டினாள். பின்னால் கேமரா சிர்ரென்று ஓடிக்கொண்டிருந்தது. திரும்பினாள்.

வெயில் நேரே கண்ணில் அடித்தது. எதிரே எல்லாம் ஒரே வெளிச்சம். நாத்தனார் இல்லை, இஸ்திரிக்காரர் இல்லை, யார் முன்னால், யார் பின்னால், ஒன்றும் தெரியவில்லை. நடுவில் கறுப்பாய் ஒரு வட்டம் மட்டும் இருந்தது. அவள் கண்ணைச் சுருக்கினாள். முகம் தானாக இளகியது.

கேமரா நின்றது. வெளிச்சத்துக்குள்ளிருந்து நாத்தனாரின் குரல் வந்தது.

"யாரைப் பாத்து அண்ணி சிரிச்சீங்க?"

அவள் கையைக் கண்ணுக்குக் குடையாக வைத்துக்கொண்டு அந்தப் பக்கம் வெகுநேரம் பார்த்தாள்.

"தெரியலடி" என்றாள். "இந்தா, இப்ப எடுத்ததையும் கழுவி உங்கண்ணன் ரீலோட சேத்து எடுத்துட்டுப் போ. தண்ணி சூட்டை மட்டும் நான் பாத்துத் தர்றேன்."